நெல்லிக்காய்ச் சாறும் கடலைப் பாலும்

என் மாமியார் தான் பெற்ற மகனையே அடையாளம் தெரியாமல், "ஏனுங்க, யாரைப் பாக்கோணும்?" என்று கேட்டார்.

ஐப்பசி மழை விட்டிருந்த ஒரு காலை அது. மல்லசமுத்திரத்துக்கு மேற்கே தோட்டத்துக்குள் எங்கள் வீடு. வாசலில் நின்ற ஆளுக்கு அறுபது வயது சொல்லலாம். தோளில் ஒரு சாக்கு, கையில் ஒரு தகரக் குவளை. மாட்டுக்குத் தண்ணீர் காட்டிவிட்டு வந்த நான், யாரோ பசிக்கு வந்தவர் என்று எண்ணிக் கூழ் எடுத்துவர உள்ளே திரும்பினேன். அப்போது அவர், "அம்மா" என்றார். குரல் மட்டும் மாறவில்லை. என் கணவருக்கு அன்று முப்பது வயதுகூட ஆகியிருக்கவில்லை.

பேச வாய் திறந்தபோது பல்லெல்லாம் சிவப்பாக இருந்தது. வெற்றிலை போட்டிருக்கிறார் என்று நினைத்தேன். கிட்டப் போன பிறகுதான் அது இரத்தம் என்று தெரிந்தது.

நான் அவரைத் தொடவில்லை. "நல்லா இருக்கீங்களா" என்றுகூடக் கேட்கவில்லை. அவருக்குப் பின்னால் வண்டித் தடத்தைப் பார்த்தேன். அங்கே யாரும் இல்லை.

"அண்ணன் எங்கீங்க?"

அவர் சாக்கைக் கீழே வைத்தார். "பின்னால வாராரு" என்றார்.

மூன்று வருடத்துக்கு முன்பு கிணறு வற்றி, காடு காய்ந்து கிடந்தபோதுதான் அவர் ரங்கூன் அரிசி மில்லுக்கு வேலைக்குப் போனார். கடல் தாண்டி ஒற்றை ஆளாகப் போகிறாரே என்று எனக்குப் பயம். ஆட்டையாம்பட்டியில் என் அம்மாவோடு இருந்த அண்ணனிடம் ஓடினேன். அவன் ஒரே மகன். வண்டி ஓட்டிப் பிழைத்துக்கொண்டிருந்தான். பெண் பார்த்து முடிவாகியிருந்தது. "நீயும் கூடப் போனா எனக்குத் தைரியமா இருக்கும்ணா. ரண்டே வருசம்" என்று அவன் கையைப் பிடித்து அழுதேன். அவன் சிரித்துக்கொண்டே, "அழுவாத புள்ள, போறேன்" என்றான். நான் கேட்டதற்காகப் போனான். இதை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். இல்லாவிட்டால் பிறகு நான் செய்ததெல்லாம் வேறு மாதிரி தெரியும்.

சண்டை ரங்கூனுக்கு வந்துவிட்டது, குண்டு போடுகிறார்கள் என்று கேள்விப்பட்டதோடு கடிதம் நின்றுபோனது. ஏறக்குறைய ஒரு வருடம். அந்த ஒரு வருடத்தில் என் அம்மாவும் நானும் சந்தையில் பார்த்துக்கொண்டால் ஒருவரை ஒருவர் கேட்பது ஒன்றே ஒன்றுதான்: தபால் வந்ததா?

வந்த மூன்றாம் நாளே அவர் கட்டிலைவிட்டு எழமுடியாமல் ஆகிவிட்டார். முழங்காலுக்குக் கீழே நாவற்பழம் நசுங்கினாற்போலக் கருநீலத் திட்டுகள். காலை நீட்டினால் கத்துவார். ஈறு வீங்கிப் பல்லை மூடிக்கொண்டிருந்தது. தலையணையில் தினமும் இரத்தக்கறை. உள்ளூர் வைத்தியர் வந்து நாடி பார்த்து, சூடு ஏறிவிட்டது என்றார். புளிப்பு, காரம், பச்சைக் காய் எதுவும் ஆகாது, வெறும் கஞ்சி மட்டும் என்று பத்தியம் வைத்தார். என் மாமியார் அதை அட்சரம் பிசகாமல் செய்தார். வேளைக்கு ஒரு கிண்ணம் அரிசிக் கஞ்சி, வடிகட்டி, ஆறவைத்து. அந்தக் கஞ்சி உள்ளே போகப் போக அவர் உடம்பு இன்னும் கெட்டது. முன்பல் ஒன்று கஞ்சியோடு கிண்ணத்தில் விழுந்தது.

என் அம்மா ஆட்டையாம்பட்டியிலிருந்து நடந்தே வந்துவிட்டாள். கட்டில் காலைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தாள்.

"மாப்பிள்ளைங்க, என்ற பையன் எந்த ஊருல தங்கியிருக்கானுங்க? அதை மட்டுஞ் சொல்லுங்க. நான் வேறெதுவும் கேக்கல."

அவர் கண்ணை மூடிக்கொண்டார். அம்மா பொழுது சாயும்வரை இருந்துவிட்டு எழுந்து போனாள்.

எனக்கு வேறு வழி தெரியவில்லை. வைத்தியர் வேண்டாம் என்று சொல்லியும், மாமியார் தடுத்தும் கேட்காமல், வண்டி கட்டி ரோட்டுக்குக் கொண்டுபோய், பெட்ரோல் கிடைக்காமல் கரிப்புகையில் ஓடும் அந்தச் சண்டைக்காலத்து பஸ்ஸில் ஏற்றிச் சேலம் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனேன். ஒவ்வொரு மேட்டிலும் பஸ் நின்று நின்று போயிற்று. ஒவ்வொரு குலுக்கலுக்கும் அவர் என் தோளைக் கடித்துக்கொண்டு வந்தார். இறங்கும்போது என் சேலைத் தோளில் பல் பதிந்த இடமெல்லாம் சிவப்பாக இருந்தது.

டாக்டரம்மா ஈறை ஒரு விரலால் தொட்டுப் பார்த்தார். காலைப் பார்த்தார். உடனே தெரிந்துவிட்டது அவருக்கு.

"எத்தனை மாசமா இவர் காய், கீரை, பழம் கண்ணுல பார்க்கல?"

"தெரியலீங்க. ரங்கூன்ல இருந்து காட்டுவழியா நடந்து வந்தாரு. வந்து வங்காளத்துல ஏதோ கேம்புல காய்ச்சல்ல கெடந்தாருங்க. இங்க வந்தும் கஞ்சிதானுங்க."

"கஞ்சியே குடுத்தா செத்துப்போவார்மா" என்றார். கோபமாகச் சொல்லவில்லை. "இது பச்சைக் காய், பழம் இல்லாம வர்ற சீக்கு. இதுக்கு மாத்திரை உண்டு. அது இப்ப பட்டாளத்துக்குத்தான் போகுது. எனக்கே வர்றதில்ல. ஆனா உன் தோட்டத்துல இருக்கு மருந்து. பச்சைக் கீரை, பச்சைக் காய். வேகவைக்கக் கூடாது. வெள்ளைக்காரங்க சாலட்னு தின்பாங்க. பச்சையா நறுக்கி, புளிப்பும் எண்ணெயும் கலந்து மேல ஊத்திக்குவாங்க. அந்த மாதிரி செஞ்சு குடு. புளிப்புக்குக் காடி வேண்டாம், புளி வேண்டாம். எலுமிச்சம்பழம், இல்லேன்னா பெரிய நெல்லிக்காய். நெல்லிக்காய்தான் உத்தமம். அடுப்புல காட்டாதே. இரும்புலயும் செம்புலயும் வைக்காதே."

"வாய் அவ்வளவு புண்ணா இருக்குதுங்களே. புளிப்பு பட்டா?"

"எரியும். எரியாம எப்படிக் குடுக்கறதுன்னு நீதான் பார்க்கணும். பத்து நாள் பாரு."

பத்து நாளில் சரியாகும் என்கிறாரா, அதற்கு மேல் தாங்காது என்கிறாரா என்று கேட்க எனக்குத் தைரியம் வரவில்லை.

வீட்டில் மாமியார் தலையில் அடித்துக்கொண்டார். "ரத்தம் ஒழுகற வாய்க்குப் புளிப்பா? பச்சைத் தழை ஆட்டுக்குத்தான் போடுவாங்க அம்மிணி. எனக்கு இருக்கறது ஒரே பையன்."

எனக்கு இருப்பதும் ஒரே அண்ணன் என்று சொல்ல வாய் வந்தது. கொல்லைக்குத் தழை பறிக்கப் போனேன்.

முதல் நாள் கொத்தமல்லித் தழையையும் முருங்கைக் கொழுந்தையும் பொடியாக நறுக்கி, எலுமிச்சம்பழம் பிழிந்து, உப்புப் போட்டுக் கொடுத்தேன். ஒரு வாய் போனதும் அவர் போட்ட சத்தத்தில் கட்டுத்தறி மாடு மிரண்டு கயிற்றை இழுத்தது. அதன்பிறகு எலுமிச்சம்பழ வாசனை வந்தாலே உதட்டை இறுக்கிக்கொள்வார்.

சந்தையில் கொல்லிமலைக்காரர்கள் கூடையில் நெல்லிக்காய் கொண்டுவந்து விற்கும் பருவம் அது. ஒரு மடி நிறைய வாங்கிவந்தேன். அரிவாள்மனையில் அரிந்தேன். அரிந்த இடமெல்லாம் கறுத்துப்போனது. இரும்பு ஆகாது என்று டாக்டரம்மா சொன்னது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. எல்லாவற்றையும் கொட்டிவிட்டு, மறுபடி கல்லால் தட்டிக் கொட்டை எடுத்து, அம்மியில் அரைத்துத் துணியில் பிழிந்தேன். சாறு மட்டும் கொடுத்தால் துவர்ப்பில் நாக்கு இழுத்துக்கொண்டது, அவர் துப்பிவிட்டார். மோரில் கலந்தேன். திரிந்து தண்ணீராகித் தழைமேல் நிற்காமல் ஓடியது. தண்ணீராக ஓடினால் நேரே புண்ணில்தான் போய் நிற்கும். புளிப்பு புண்ணைத் தொடாமல் வழுக்கிக்கொண்டு தொண்டைக்குள் போக வேண்டும் என்றால், அதைச் சுற்றி ஏதாவது போர்த்திருக்க வேண்டும். நாலாம் நாள் முழுக்க இதே நினைப்பாக இருந்தேன்.

எங்கள் தோட்டத்தில் அந்த வருடம் விளைந்தது நிலக்கடலை. நாங்கள் கடலைக்காய் என்போம். பச்சைக் கடலையை ஊறவைத்துத் தோல் நீக்கி, ஆட்டுக்கல்லில் வெண்ணெய் போல ஆகும்வரை அரைத்தேன். கை விட்டுப்போகும் வரை அரைத்தேன் என்றே சொல்ல வேண்டும். அதைத் தண்ணீர்விட்டுக் கரைத்து வடித்தால் கெட்டியான பால் வரும். மாக்கல் சட்டியில் அந்தப் பாலை ஊற்றி, நெல்லிக்காய்ச் சாற்றைச் சேர்த்து, மத்தால் கடைந்தபடியே நல்லெண்ணெயைச் சொட்டுச் சொட்டாக விட்டேன். முதல் தடவை அவசரப்பட்டு மொத்தமாக ஊற்றினேன். எண்ணெய் தனியே மிதந்தது. இரண்டாம் தடவை பொறுமையாக விட, அது சேர்ந்து திரண்டு, விரலில் எடுத்தால் வழியாமல் நின்றது. துவர்ப்புக்கு ஒரு சிட்டிகை நாட்டுச் சர்க்கரை. உப்பு இல்லை.

எரியுமா எரியாதா என்று எப்படித் தெரிந்துகொள்வது? வேலியில் ஒரு கருவேல முள் ஒடித்தேன். என் கீழ் ஈறை இரத்தம் வரும்வரை கீறிக்கொண்டு, அதன்மேல் தடவிப் பார்த்தேன். எலுமிச்சை தடவிப் பார்த்தேன், உயிர் போயிற்று. நெல்லிக்காயும் கடலைப் பாலும் தடவினேன். சற்றே சுரீரென்றது, அவ்வளவுதான். எனக்கு அழுகை வந்துவிட்டது. ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன்.

தழையை மை போல நறுக்கி அதில் குழைத்துக் கொண்டுபோனேன். "எரியாதுங்க. நானே பாத்துட்டேன். ஒரு வாய்."

அவர் கிண்ணத்தைப் பார்த்தார். முகத்தைச் சுவர் பக்கம் திருப்பிக்கொண்டார்.

ஐந்தாம் நாளும் அதே. ஆறாம் நாளும் அதே. கெஞ்சினேன். திட்டினேன். கன்னத்தை அழுத்தி வாயைத் திறக்கப் பார்த்தேன். என் கையில் அவர் பல் ஆடுவது தெரிந்து விட்டுவிட்டேன். அப்போது மூக்கிலும் இரத்தம் வர ஆரம்பித்திருந்தது. கண் குழிக்குள் போய்விட்டது. மாமியார் கஞ்சிக் கிண்ணத்தோடு ஒரு பக்கம், நான் மாக்கல் சட்டியோடு ஒரு பக்கம். அவர் இரண்டையும் தொடவில்லை.

ஏழாம் நாள் நடுப்பகலில் எனக்குப் பொறுமை போய்விட்டது. "சாகறதுக்குத்தான் இத்தனை தூரம் நடந்து வந்தீங்களா? எங்க அண்ணன் வந்து கேட்டா நான் என்ன சொல்றது?" என்று கத்தினேன்.

"மச்சான் வரமாட்டாரு" என்றார்.

கிண்ணத்தோடு கட்டிலோரம் போனேன்.

"மலைமேல நாலு நாளு சோறில்ல. எனக்கு அப்பவே வாய் புண்ணு, எதையும் மெல்ல முடியல. மச்சான் பசியில நடக்க முடியாம உக்காந்துபோட்டாரு. தடத்தோரம் ஒரு செடி. பாக்க நம்மூர்க் கீரை மாதிரியே இருந்துச்சு புள்ள. நான்தான் பறிச்சேன். நான்தான் கசக்கி ஊட்டிவிட்டேன். 'பச்சையாத் தின்னாலும் நல்லாத்தான் இருக்குது மாப்பிள்ளை'ன்னாரு. சித்த நேரத்துல வயித்தப் புடிச்சுக்கிட்டாரு. விடியறதுக்குள்ள போயிட்டாரு." மூச்சு வாங்கினார். "நீ தழையக் கொண்டாந்து நீட்டும்போதெல்லாம் எனக்கு அவரு வாய்தான் தெரியுது."

என் கையில் கிண்ணம் இருந்தது. அதைக் கீழே வைத்தேனா, போட்டேனா, நினைவில்லை. வெளியே வந்து கிணற்று மேட்டில் உட்கார்ந்தேன். இதை எழுதாமல் விட்டால் பொய்யாகிவிடும்: அந்த நேரத்தில் அவர் செத்துப்போகட்டும் என்று நினைத்தேன். என் கையால் அரைத்ததை அந்த வாயில் ஊற்ற மாட்டேன் என்று நினைத்தேன். அதற்கு அடுத்த நினைப்பு, அண்ணனை அனுப்பியது நான் அல்லவா என்பது. இலையைப் பறித்தது ஒரு கை, ஆளை அனுப்பியது ஒரு கை. வெயில் தலையில் விழுந்துகொண்டிருந்தது. நகர முடியவில்லை.

மாமியார் வந்தார். அவருக்கும் எல்லாம் கேட்டிருக்கிறது. எனக்கு எதிரே நிற்காமல், பக்கவாட்டில், கொஞ்சம் தள்ளி நின்றார்.

"அம்மிணி, நீயே ஊத்துன்னு கேக்கற மூஞ்சி எனக்கில்ல. நான் கேக்கவும் மாட்டேன். அதை எப்படி அரைக்கறதுன்னு மட்டுஞ் சொல்லு சாமி. நானே அரைச்சுக்கறேன்."

அந்தம்மாள் அதுவரை நெல்லிக்காயைத் தொட்டதுகூட இல்லை. நான் கிணற்றைப் பார்த்தபடி சொன்னேன். கடலையை ஊறப்போட்டிருக்கிறேன். தோலை எடுத்துவிட்டு அரையுங்கள். இரும்பில் அரியாதீர்கள். மாக்கல் சட்டி. எண்ணெயைச் சொட்டுச் சொட்டாக விடுங்கள். "சரி சாமி, சரி சாமி" என்று ஒவ்வொன்றுக்கும் சொல்லிவிட்டுப் போனார்.

ஆட்டுக்கல் சத்தம் கேட்டது. வயதான கை, விட்டு விட்டுக் கேட்டது. பிறகு மத்துச் சத்தம். பிறகு அதுவும் நின்று, "ஐயோ, பிரிஞ்சுபோச்சே" என்ற குரல் கேட்டது. எண்ணெயை மொத்தமாக ஊற்றிவிட்டார். சட்டிக்கு முன்னால் உட்கார்ந்து, வாயில் முந்தானையை வைத்துக்கொண்டு அழுகிறார் என்பது எனக்கு இங்கிருந்தே தெரிந்தது.

எழுந்து போனேன். ஏன் போனேன் என்று பல முறை யோசித்திருக்கிறேன். மன்னித்துவிட்டுப் போகவில்லை. அந்தச் சத்தம் தாங்கவில்லை, அவ்வளவுதான். மிச்சமிருந்த கடலைப் பாலை வேறு சட்டியில் ஊற்றி, பிரிந்துபோனதைக் கொஞ்சம் கொஞ்சமாக அதில் விட்டுக் கடைந்தேன். அது சேர்ந்தது.

ஆனால் தழையை நறுக்க எனக்கே கை வரவில்லை. பறித்து வைத்திருந்த கொத்தமல்லியைப் பார்த்தால் எனக்கும் இப்போது அண்ணன் வாய்தான் தெரிந்தது. முறத்தோடு கொண்டுபோய் மாட்டுக்குப் போட்டேன். தழைதான் மருந்தா, மேலே ஊற்றுவதும் மருந்தா என்று டாக்டரம்மாவிடம் நான் கேட்டிருக்கவில்லை. நெல்லிக்காய்தான் உத்தமம் என்று சொன்னாரே, அந்த ஒரு சொல்லை நம்பினேன். தென்னையில் இளநீர் பறிக்கச் சொல்லி, உள்ளே இருந்த வழுக்கையை ஓட்டுத் துண்டால் சுரண்டி எடுத்து, அதன்மேல் இதை ஊற்றினேன். வெள்ளை மேல் வெள்ளை. பச்சை என்று எதுவும் இல்லை.

கிண்ணத்தை மாமியார் கையில் கொடுத்தேன். அவர் இரண்டு அடி எடுத்து வைத்துவிட்டு, என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் வாங்கிக்கொண்டு உள்ளே போனேன்.

"தழை இல்லீங்க. பாருங்க" என்று கிண்ணத்தைச் சாய்த்துக் காட்டினேன்.

அவர் கிண்ணத்தைப் பார்க்கவில்லை. என் முகத்தைப் பார்த்தார். நான் வேறு பக்கம் பார்த்தபடி கரண்டியை நீட்டினேன். வாய் திறந்தது. மெல்ல வேண்டியிருக்கவில்லை. வழுக்கிக்கொண்டு போனது. அவர் முகம் சுருங்கியது, ஆனால் கத்தவில்லை. இரண்டாவது கரண்டி. மூன்றாவது. அன்றைக்கு அரைக் கிண்ணம். நாங்கள் இருவரும் ஒரு வார்த்தை பேசவில்லை. மறுநாளும் பேசவில்லை. வேளா வேளைக்கு நான் அரைத்தேன், கடைந்தேன், ஊட்டினேன். என் உள்ளங்கை நெல்லிக்காய்த் துவர்ப்பில் கறுத்து வெடித்திருந்தது. என் அண்ணனுக்காக அழ எனக்கு அந்த நாட்களில் நேரமே இருக்கவில்லை. அழுதால் எண்ணெய்ச் சொட்டு தப்பிவிடும்.

ஊட்டத் தொடங்கிய நாலாம் நாள் தலையணையில் கறை இல்லை. மாமியார் அதை வெளிச்சத்துக்குக் கொண்டுவந்து இரண்டு பக்கமும் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அடுத்த வாரம் காலில் நீலம் மஞ்சளாகி வெளிறத் தொடங்கியது. அதற்குள் விழுந்திருந்த நாலு பற்களும் போனதுதான். மற்றவை மெதுவாக இறுகின. கார்த்திகை முடிவதற்குள் சுவரைப் பிடித்துக்கொண்டு வாசல் வரை வந்துவிட்டார்.

அவர் நடக்க ஆரம்பித்த பிறகு எனக்குத் தள்ளிப்போட எந்தச் சாக்கும் இல்லை. என் அம்மா இன்னும், பின்னால் வருகிறான் என்று நினைத்துக்கொண்டிருந்தாள். ஆட்டையாம்பட்டிக்கு வண்டி கட்டினேன். அவரும் ஏறி உட்கார்ந்தார். வரவேண்டாம் என்று நான் சொல்லவில்லை, வாருங்கள் என்றும் சொல்லவில்லை.

எங்களைப் பார்த்ததும் அம்மாவுக்குத் தெரிந்துவிட்டது. வண்டியின் பின்னால் எட்டிப் பார்த்துவிட்டு, அப்படியே மண்ணில் உட்கார்ந்துவிட்டாள். "மலையில காய்ச்சல்மா. அண்ணன் போயிட்டான்" என்றேன். காய்ச்சல் என்று சொல்ல நான் யோசித்து வைத்திருக்கவில்லை. அதுவாக வந்தது. அக்கம்பக்கத்துப் பெண்கள் ஓடிவந்து அம்மாவைப் பிடித்துக்கொண்டு அழுதார்கள். வெகுநேரம் ஆயிற்று. பிறகு அழுகை அடங்கி, மூக்கைச் சிந்திவிட்டு, அம்மா என் கணவரைப் பார்த்துக் கேட்டாள்.

"கடைசியா என்னங்க சாப்பிட்டான்?"

அவர் அம்மாவை நிமிர்ந்து பார்த்தார். வாயைத் திறந்துவிட்டார். உண்மையைத்தான் சொல்லப்போகிறார் என்று எனக்குத் தெரிந்தது. அவருக்கு அது பெரிய பாரம். இறக்கி வைத்திருப்பார்.

"சோறும்மா" என்றேன் நான் முந்திக்கொண்டு. "வழியில ஒரு ஊட்டுல சோறு போட்டாங்களாம். வயிறு நெறையத் தின்னானாம்."

அம்மா என்னையும் அவரையும் மாறி மாறிப் பார்த்தாள். "அப்பச் சரி" என்றாள். "பசியோட போகல."

என் கணவர் எழுந்து போய்ச் சுவரில் நெற்றியை வைத்துக்கொண்டு நின்றார். அவரை இறக்கி வைக்க விடாமல் நான் தடுத்தது அவருக்கு இரக்கமா, தண்டனையா என்று எனக்கு அன்றும் தெரியவில்லை. இப்போதும் தெரியவில்லை. அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு, மாப்பிள்ளை நின்றுகொண்டே இருக்கிறாரே, இலை போடு என்று என்னிடம் சொன்னாள்.